டிசம்பரில் திருகோணமலைக் கடலில் இறங்கலாமா?

கண்டியில் இருந்து ஒரு வாசகரின் கேள்வி, செப்டம்பர் 9

டிசம்பர் லீவுக்குப் பிள்ளைகளோடு திருகோணமலை வருகிறோம், நான்கு நாள். நிலாவெளியில் குளிப்பு, புறாத்தீவில் மீன் பார்ப்பது, ஒரு நாள் திமிங்கிலம். திருகோணமலை உலகத்தின் பெரிய இயற்கைத் துறைமுகங்களில் ஒன்று, அதனால் அங்கே கடல் வருடம் முழுக்கக் குளம் போலக் கிடக்கும் என்று அலுவலக நண்பர் சொல்கிறார். ஹோட்டலும் டிசம்பரில் மலிவு. பதிவு செய்யலாமா?

செப்டம்பர் 9, இரவு

செய்ய வேண்டாம். கடலில் இறங்க முடியாத மாதம் என்பதால்தான் ஹோட்டல் மலிவு. உங்கள் நண்பர் சொன்னதில் பாதி சரி. துறைமுகம் குளம் போலத்தான் கிடக்கும், ஆனால் நீங்கள் குளிக்கப் போவது துறைமுகத்தில் இல்லையே. நிலாவெளி, துறைமுகத்துக்கு வடக்கே பதினைந்து கிலோமீற்றர் தள்ளி, வங்காள விரிகுடாவை நேரே பார்த்துக்கொண்டு கிடக்கிற திறந்த கரை. நவம்பரில் இருந்து பெப்ரவரி வரை வாடைக்காற்று, அதாவது வடகீழ்ப் பருவக்காற்று, அந்தக் கரையில்தான் வந்து மோதும். நிலாவெளிக்கு எதிரே இருக்கிற புறாத்தீவுக்குப் படகு போகாத நாட்கள் டிசம்பரில் அதிகம். திமிங்கிலப் பருவம் மார்ச்சில் தொடங்கி ஓகஸ்ட் வரை. ஆக உங்கள் திட்டத்தில் மூன்றுமே டிசம்பருக்கு ஒத்துவராது. ஏப்ரலுக்கோ ஓகஸ்ட்டுக்கோ மாற்றுங்கள்.

செப்டம்பர் 10

நேற்று அவசரத்தில் எழுதிவிட்டேன், கொஞ்சம் விளக்கமாகச் சொல்கிறேன். எங்கள் ஊருக்கு வருகிறவர்கள் பெரும்பாலும் எல்லாத் தண்ணீரையும் ஒரே பெயரால் சொல்கிறார்கள், குழப்பம் அங்கேதான் ஆரம்பிக்கிறது.

இடது கையை மேசையில் வைப்பது போல எண்ணிக்கொள்ளுங்கள், விரல்கள் கிழக்கே கடலைப் பார்க்கட்டும், பெருவிரல் கீழே தெற்கே விரிந்திருக்கட்டும். மற்ற விரல்கள் இருக்கும் பக்கம் திருகோணமலை நகரமும் கோட்டையும் கோணேசர் மலையும். பெருவிரல் பக்கம் மூதூர், அதன் நுனியில் பவுல் பொயின்ற் வெளிச்சவீடு, 1863இல் கட்டியது. இரண்டுக்கும் நடுவில் வாயைத் திறந்துகொண்டு கிடக்கிற பெரிய நீர்ப்பரப்புதான் கொட்டியாரக் குடா. குடாவின் வடமேற்கு மூலையில், மலைகளுக்கும் தீவுகளுக்கும் பின்னால் ஒளிந்திருப்பது உள்துறைமுகம். இன்னும் மேற்கே கிண்ணியா வாய்க்கால் வழியாக உள்ளே போனால் ஆழமில்லாத தம்பலகாமக் குடா, அது ஏறக்குறைய ஒரு களப்பு. நகரத்தின் கிழக்குப் பக்கம் கோட்டையைச் சுற்றி டச்சுக் குடா, பின்குடா என்று இரண்டு சிறிய வளைவுகள். உப்புவெளியும் நிலாவெளியும் இந்தக் கைக்குள்ளேயே இல்லை, வெளியே வடக்கில் நீண்டு போகிற கரை.

ஒவ்வொன்றிலும் தண்ணீர் வேறு. ஒரே நாள் காலையில் நிலாவெளியில் அலை ஆள் உயரத்துக்கு உடையும், அதே நேரம் உள்துறைமுகத்தில் கொக்கு தன் நிழலைப் பார்த்துக்கொண்டு நிற்கும். "திருகோணமலைக் கடல் எப்படி?" என்று யாராவது கேட்டால் நான் திருப்பிக் கேட்பது இரண்டு கேள்வி: எந்தப் பக்கம், எந்த மாதம்?

செப்டம்பர் 10, பின்னேரம்

ஒருவர் கேட்டிருக்கிறார்: அப்படியானால் டிசம்பரில் உள்துறைமுகத்திலேயே பிள்ளைகளைக் குளிக்க விடலாமே என்று. முடியாது. அந்தக் கரையில் பெரும்பகுதி கடற்படையிடமும் துறைமுகத்திடமும் இருக்கிறது, மிச்ச இடத்தில் படகுப் போக்குவரத்து. அமைதியான தண்ணீர் எல்லாம் குளிக்கிற தண்ணீர் ஆகிவிடாது.

அந்த அமைதியின் மதிப்பை அறிந்தவர்கள் பாய்க்கப்பல் காலத்துக் கப்பல்காரர்கள். ஆங்கிலேயர் இருந்த சென்னையில் அன்று துறைமுகமே கிடையாது, கப்பல்கள் வெளியே திறந்த கடலில் நங்கூரம் போட்டு நிற்க வேண்டும். ஒக்டோபர் வந்து வாடை திரும்பினால் அந்தக் கரையில் நிற்க முடியாது. எங்கள் துறைமுகத்தில் இரண்டு பருவக்காற்றிலும் நிற்கலாம். அதனால்தான் இதற்கு இத்தனை சண்டை. 1782ஆம் வருடத்தை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள்: ஜனவரியில் ஒல்லாந்தரிடம் இருந்து ஆங்கிலேயர் பிடித்தார்கள், ஓகஸ்ட்டில் பிரெஞ்சுக்காரர் பிடித்தார்கள், செப்டம்பர் 3ஆம் திகதி வெளியே கடலில் இரண்டு கடற்படையும் மோதிக்கொண்டன. வாடை தொடங்கும் முன் ஒதுங்க இடம் வேண்டும் என்ற தவிப்பு அவ்வளவு. உங்கள் டிசம்பர் ஹோட்டல் பிரச்சினையும் அந்த அட்மிரல்களின் பிரச்சினையும் ஒரே காற்றால் வந்தவை.

செப்டம்பர் 13

"போன ஜனவரியில் உப்புவெளியில் மூன்று நாளும் குளித்தோம், ஒன்றும் ஆகவில்லை, சும்மா பயமுறுத்தாதீர்கள்" என்று ஒருவர் எழுதியிருக்கிறார். நடந்திருக்கும். வாடைக் காலத்திலும் இடையில் மூன்று நான்கு நாள் காற்று அடங்கும், வானம் கழுவி விட்டது போல இருக்கும். அந்த நாட்களில்தான் எனக்குப் பயம் அதிகம். மேலே அடங்கினாலும் கீழே மணல் அடங்காது. முந்தைய வாரத்து அலை தோண்டிய பள்ளங்கள் அப்படியே இருக்கும், அவற்றின் வழியாகக் கரைக்கு வந்த தண்ணீர் திரும்ப வெளியே ஓடும். எங்கள் பக்கத்தில் இழுவை என்போம். கரையில் ஐந்து நிமிடம் நின்று பார்த்தால் தெரியும்: இரண்டு பக்கமும் அலை வெள்ளையாக உடைந்துகொண்டிருக்கும், நடுவில் ஒரு பாதை மட்டும் உடையாமல் கருத்து, பார்க்க நல்ல இடம் போலக் கிடக்கும். பழக்கமில்லாதவர் அந்த இடத்தைத்தான் தேர்ந்தெடுப்பார்.

மாட்டிக்கொண்டால் கரையை நோக்கி நேரே நீந்தக் கூடாது. கரைக்குச் சமாந்தரமாகப் பக்கவாட்டில் நீந்தி, அலை உடைகிற இடத்துக்குப் போனால் அந்த அலையே கரைக்குக் கொண்டுவந்து தள்ளும். எனக்கு இதைச் சொல்லித் தந்தவர் திருக்கடலூரில் கரைவலை இழுத்த என் அம்மாவின் தம்பி. அப்போது எனக்குப் பத்து வயது, அவர் சொன்னதை விளங்கிக்கொண்டது இருபது வயதுக்குப் பிறகு.

செப்டம்பர் 14

முதல் குறிப்பில் ஏப்ரல், ஓகஸ்ட் என்று எழுதியிருந்தேன். "ஓகஸ்ட்டில் தென்மேல் பருவக்காற்று அடிக்குமே, அப்போது கடல் எப்படி நல்லாயிருக்கும்?" என்று கேட்கிறார்கள். அந்தக் காற்று மேற்குக் கரையில் ஈரமாக ஏறி, உங்கள் மலைநாட்டில் மழையை இறக்கிவிட்டு, எங்களிடம் வரும்போது வெறும் சூடான உலர்ந்த காற்றாக வரும். கச்சான் என்போம். (கோயில் வாசலில் சுருளில் கட்டி விற்கிற கச்சான் கடலை வேறு, இது காற்று.) கச்சான் தரையில் இருந்து கடலை நோக்கி அடிப்பதால் கரையோரம் அலையே எழும்பாது. கண்ணாடி போலக் கிடக்கும், கால் நகம் தெரியும்.

சரி, அந்தக் கண்ணாடியிலும் ஒரு ஆபத்து இருக்கிறது. இதை எழுதலாமா என்று இரண்டு நாள் யோசித்தேன்.

சில வருடம் முன்பு ஜூலையில் உப்புவெளியில் குடும்பமாக இருந்தோம். அக்காவின் மகனுக்கு ஒன்பது வயது. காற்று அடைத்த மெத்தை ஒன்று வாங்கிக் கொடுத்திருந்தார்கள், மஞ்சள் நிறம். இடுப்பளவு தண்ணீரில் அதன் மேல் குப்புறப் படுத்துக்கொண்டு காலால் அடித்துக்கொண்டிருந்தான். அலை இல்லை, ஒருவருக்கும் பயம் இல்லை. அக்கா சாப்பாட்டுப் பார்சலைப் பிரித்துக்கொண்டிருந்தார். நான் நிமிர்ந்து பார்த்தபோது அவன் நூறு மீற்றர் தள்ளி இருந்தான், எங்களைப் பார்த்துக் கையை ஆட்டினான். விளையாட்டு என்றே நினைத்திருக்கிறான். அத்தான் பாய்ந்து நீந்தினார், நல்ல நீச்சல்காரர், ஆனால் காற்றுக்கு எடையில்லாத மெத்தையை ஓட்டிச் செல்ல எவ்வளவு நேரம் வேண்டும்? அவர் போகப் போக அது அதே தூரத்தில் விலகிக்கொண்டே இருந்தது. கடைசியில் ஒரு தீப்பெட்டி அளவுக்குத்தான் மஞ்சள் தெரிந்தது. கடலில் வலையை எடுத்துக்கொண்டு திரும்பிய ஒரு ஃபைபர் படகுக்காரர், கரையில் நாங்கள் எல்லோரும் துணியை வீசுவதைப் பார்த்து வளைத்துக்கொண்டு போய் இருவரையும் ஏற்றி வந்தார். பையன் கரையில் இறங்கி முதலில் கேட்டது தன் மெத்தையை. அக்கா அன்று பின்னேரம் வரை பேசவில்லை.

ஆகவே கச்சான் மாதங்களில் நிலாவெளி, உப்புவெளிக்கு வருகிறவர்கள் தயவுசெய்து காற்று மெத்தையும் டியூபும் கொண்டுவராதீர்கள். லைஃப் ஜாக்கெட் போடுங்கள், அது ஆளோடு இருக்கும். காற்று எந்தப் பக்கம் என்று தெரியாவிட்டால் உலர்ந்த மணலை ஒரு பிடி அள்ளி விடுங்கள். கடல் பக்கம் பறந்தால் பிள்ளைகள் முழங்கால் அளவைத் தாண்டக் கூடாது.

செப்டம்பர் 15

நேற்றைய குறிப்பில் விட்டது: காலை பத்து மணிக்குள் பெரும்பாலும் காற்றே இருக்காது. பருவத்தில் எங்கள் ஊர்க்காரர் குளிப்பது விடியலில்தான்.

செப்டம்பர் 21

கண்டி வாசகர் மறுபடி எழுதியிருக்கிறார். வீட்டுக்காரருக்கு டிசம்பரில் மட்டும்தான் லீவாம், பிள்ளைகள் ஆசையோடு இருக்கிறார்களாம், இறங்காமல் பார்ப்பதற்கு ஏதாவது உண்டா என்று கேட்கிறார். தாராளமாக உண்டு அக்கா. வாருங்கள். கடலைக் குளிக்கிற இடமாக மட்டும் பார்த்தால்தான் டிசம்பர் வீண்.

முதல் நாள் காலை கோணேசர் மலை. பிரெட்ரிக் கோட்டை வாசலுக்குள் நுழைந்ததும் புள்ளிமான்கள் நிற்கும், மழைக்கு மரத்தடியில் ஒதுங்கி நிற்கிற மானைப் பிள்ளைகள் கிட்டே பார்க்கலாம், பொலித்தீன் பையோடு மட்டும் போக விடாதீர்கள், மான்கள் அதைத் தின்கின்றன. மேலே கோயில், அதன் பக்கத்தில் இராவணன் வெட்டு. அங்கே கம்பியைப் பிடித்துக்கொண்டு கீழே எட்டிப் பாருங்கள். பாறை செங்குத்தாக இறங்கும், அடியில் வாடை அலை அறைகிற சத்தம் ஒரு கணம் பிந்தித்தான் மேலே வரும். சம்பந்தர் கோணமாமலையைப் பாடியபோது முதல் பாட்டிலேயே இந்தக் கடலின் ஓசையை வைத்தார். அவர் இங்கே வரவில்லை, இராமேசுவரத்தில் நின்று பாடினார் என்பது மரபு. ஆனாலும் டிசம்பரில் அந்த இடத்தில் நின்றால் "குரைகடல்" என்ற சொல் காதுக்குள் தானாக வரும்.

அப்புறம் தெற்கே, குடாவின் உள்பக்கம் திரும்பிப் பாருங்கள். இதுதான் உங்களுக்காகச் சொல்வது. மழைக்காலத்தில் நீரின் மேல் ஒரு கோடு தெரியும், ஒரு பக்கம் நீலம், மறுபக்கம் பால் தேநீர் நிறம். அந்தத் தேநீர் நிறம் மகாவலி. 335 கிலோமீற்றர் ஓடி வந்து மூதூர்ப் பக்கத்தில் கொட்டியாரக் குடாவில் விழுகிறது. உங்கள் வீட்டுக்குக் கீழே பேராதனைப் பாலத்தடியில் போகிற அதே கங்கை. கம்பளையில் பெய்த மழையின் மண் எங்கள் குடாவில் வந்து நிறம் பிரிந்து நிற்கும். பிள்ளைகளுக்கு இதைவிட நல்ல பூகோள பாடம் எங்கே கிடைக்கும்?

செப்டம்பர் 22

மேலும் டிசம்பருக்கு:

கன்னியா வெந்நீரூற்று. ஏழு கிணறு, ஒவ்வொன்றிலும் சூடு கொஞ்சம் கொஞ்சம் வேறு. நீந்த முடியாது, வாளியால் அள்ளி ஊற்றிக் குளிப்பதுதான். மழை நாளில் மிகவும் சுகம். இராவணன் தாயின் கிரியைக்காக வாளால் குத்தி எடுத்த ஊற்றுகள் என்பது கதை.

மார்பிள் பீச். குடாவின் உட்புறம், விமானப்படை நடத்துகிறது, வாடை நேரே அடிக்காத மூலை என்பதால் வெளிக்கரையை விட ஒதுக்கு. காவலர் அனுமதித்த இடத்தில், அனுமதித்த நேரத்தில் மட்டும் பிள்ளைகள் கால் நனைக்கலாம். கங்கை பெருகிய நாட்களில் தண்ணீர் கலங்கித்தான் இருக்கும்.

மாலையில் டச்சுக் குடாக் கரை. நகரம் முழுக்க அங்கேதான் காற்று வாங்கும். இறால் வடை சூடாக வாங்குங்கள், காகிதத்தில் சுற்றித் தரும்போது இறாலின் வால் வெளியே நீட்டிக்கொண்டிருக்கும், அதைப் பிடித்துக் கடித்தால் மொறுமொறுவென்று மீசை வரைக்கும் தின்னலாம்.

செப்டம்பர் 23

மூதூருக்குப் போவது பற்றிக் கேட்டவருக்கு. இப்போது சுலபம். கிண்ணியாப் பாலம் 2009இல் திறந்தது, 396 மீற்றர், அதன் பிறகு மூதூர் வரை மற்றப் பாலங்களும் வந்தன. நான் சின்னவனாக இருந்தபோது ஒவ்வொரு நீர்த்துறையிலும் பாதைக்குக் காத்திருக்க வேண்டும். வெளியூர்க்காரருக்கு: பாதை என்றால் எங்கள் பக்கத்தில் வாகனத்தையும் ஆளையும் ஏற்றிக் கயிறு பிடித்து இழுக்கிற மிதவை. மழையில் ஒரு பாதை நின்றால் அன்றைய பயணம் அவ்வளவுதான். இல்லாவிட்டால் நகரத்தில் இருந்து லாஞ்சியில், அதாவது இயந்திரப் படகில், குடாவைக் குறுக்காகக் கடக்க வேண்டும். அம்மாவுக்கு லாஞ்சி ஆகாது, குடா நடுவில் கிழக்கு வாய் திறக்கிற இடத்தில் பக்கவாட்டு அலை ஏறும், முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டு உட்கார்ந்திருப்பார். 2004 சுனாமிக்குப் பிறகு அவர் கடலில் கால் வைக்கவே பல வருடம் ஆனது.

மூதூரில் வெள்ளைக்காரன் மரம் என்று ஒரு புளியமரம் உண்டு. றொபேட் நொக்ஸ் என்ற ஆங்கிலேய இளைஞன் தகப்பனின் கப்பலில் இந்தக் குடாவுக்கு வந்து, 1660இல் கண்டி அரசனின் ஆட்களிடம் பிடிபட்டு, பத்தொன்பது வருடத்துக்கு மேல் மலைநாட்டில் இருந்து தப்பிப் போனான். கப்பல் ஏன் இங்கே வந்தது தெரியுமா? 1659 நவம்பரில் மசூலிப்பட்டினத்தில் அடித்த புயலில் பாய்மரம் போய்விட்டது, அதைச் சரிசெய்ய. அதே நவம்பர், அதே வங்காள விரிகுடா.

ஆற்றுவாய்ப் பக்கம் யாரும் குளிக்க வேண்டாம். முதலை உண்டு.

ஒக்டோபர் 2

ஒரு திருத்தம். நண்பர் ஒருவருக்குத் தனியாகப் பதில் எழுதியபோது "ஏப்ரலில் இருந்து ஒக்டோபர் வரை நல்லது" என்று எழுதினேன், அதை அவர் இங்கே எடுத்துப் போட்டிருக்கிறார். ஒக்டோபரை வெட்டிவிடுங்கள். இன்று பின்னேரம் மூன்று மணிக்கு வெயில், நான்கு மணிக்கு இடி, ஐந்து மணிக்கு வெள்ளவாய்க்கால். இரண்டு பருவத்துக்கும் இடைப்பட்ட இந்த மாதத்தில் காலையை நம்பி மாலைக்குப் படகு எடுக்கக் கூடாது. செப்டம்பர் நடுவோடு நிறுத்திக்கொள்வது என் கணக்கு.

டிசம்பர் 28

கண்டிக் குடும்பத்தார் வந்து போனார்கள். இரண்டு நாள் மழை, ஒரு நாள் வெயில். நிலாவெளியில் சிவப்புக் கொடி, கரையில் நின்று அலை பார்த்துவிட்டுத் திரும்பினோம். மூத்தவள் கோணேசர் மலையில் நின்று நிறக் கோட்டைக் கண்டுபிடித்துவிட்டாள், "அம்மா, எங்கட கங்கை" என்று கத்தினாள், பக்கத்தில் நின்ற சிங்களக் குடும்பமும் என்னவென்று கேட்டு எட்டிப் பார்த்தது. மே மாதம் மறுபடி வருகிறார்களாம். அதற்குப் படகு பற்றிப் பிறகு எழுதுகிறேன்.

மார்ச் 30

புறாத்தீவு பற்றி நிறைய எழுத வேண்டும், பொறுமையாகப் படியுங்கள்.

நிலாவெளிக் கரையில் இருந்து ஒரு கிலோமீற்றர்தான். தேசியப் பூங்கா, 2003இல் இருந்து. டிக்கெட் வனவிலங்குத் திணைக்களத்திடம், படகு தனி. முதல் படகில் போய்விடுங்கள், வெயிலுக்கு முன்னால் தண்ணீர் தெளிவு, ஆளும் குறைவு. இறங்குகிற கரையில் உடைந்த முருகைக்கல் (பவளப்பாறை) நிறைய, வெறுங்காலில் நடந்தால் கீறும். தீவின் ஒரு பக்கம் முருகைக்கல் பார்க்க, மறுபக்கம் செட்டை நுனி கறுத்த சிறிய சுறாக்களைப் பார்க்க. அந்தச் சுறா ஆளைக் கண்டால் தானே விலகிப் போகும், நாம் துரத்தாமல் இருந்தால் போதும்.

முதல் தடவை மாஸ்க் போட்டு முகத்தைத் தண்ணீருக்குள் வைத்தபோது என்னை ஆச்சரியப்படுத்தியது சத்தம். யாரோ பக்கத்து அறையில் முறுக்கு கடிப்பது போல ஒரு நொறு நொறு. கிளிமீன்கள் முருகைக்கல்லைப் பல்லால் சுரண்டித் தின்கிற சத்தம் அது. ஒன்றைப் பின்தொடர்ந்தேன், பச்சையும் நீலமும், வாய் ஓரம் இளஞ்சிவப்பு. சுரண்டும், மெல்லும், கொஞ்சம் போய்ப் பின்பக்கத்தால் வெள்ளை மணலைப் புகை போல விடும். வெப்பமண்டலக் கடற்கரைகளின் வெள்ளை மணலில் ஒரு பங்கு இப்படித்தான் உண்டாகிறது.

அதே தண்ணீரில் இன்னொரு சத்தமும் கேட்டிருக்கிறேன். நீந்தத் தெரியாத ஒருவர், களைத்துப்போய்க் காலை ஊன்ற இடம் தேடி, மான்கொம்பு போலக் கிளைத்த முருகைக்கல் மேல் நின்றார். கிளை முறிகிற சத்தம் தண்ணீருக்குள் மிகத் தெளிவாகக் கேட்கும், காய்ந்த சுள்ளி முறிவது போல. அந்தக் கிளை மறுபடி வளர வருடக்கணக்காகும். அவர் மேல் எனக்குக் கோபமில்லை, அவரைப் பழக்காமல் இறக்கிவிட்டவர்கள் மேல்தான் கோபம். நீந்தத் தெரியாவிட்டால் லைஃப் ஜாக்கெட் போட்டு மிதந்துகொண்டே பாருங்கள், காலைக் கீழே விடாதீர்கள், மீனுக்குப் பாண் போடாதீர்கள். பூங்காவில் ஒரு நாளுக்கு ஏறுகிற ஆட்களைக் கட்டாயம் குறைக்க வேண்டும், விலை ஏறினாலும் பரவாயில்லை என்பது என் உறுதியான கருத்து. இதற்கு இரண்டு பேர் கோபித்திருக்கிறார்கள், படகுக்காரர் பிழைப்பு என்னாவது என்று. முருகைக்கல் செத்தால் பிழைப்பும் அதோடு போய்விடும், அதனால்தான் சொல்கிறேன்.

ஏப்ரல் 18

திமிங்கிலம். குடாவில் தொடங்கி வெளியே போகிற ஒரு பள்ளத்தாக்கு கடலடியில் இருக்கிறது. அதனால் கரைக்கு மிக அருகிலேயே ஆழ்கடல் வந்துவிடுகிறது. மற்ற ஊர்களில் மணிக்கணக்காகப் படகோட்டிப் போக வேண்டிய ஆழம், எங்களுக்குக் கோயில் வாசலில். நீலத் திமிங்கிலத்தைக் கோணேசர் மலையில் நின்றே பார்க்கலாம். 1980களின் தொடக்கத்தில் டியூலிப் என்ற பாய்க்கப்பலில் வந்த ஆராய்ச்சியாளர்கள் இந்தக் கடலில் திமிங்கிலங்களைப் பின்தொடர்ந்து பதிவு செய்தார்கள், பிறகு யுத்தம் வந்து கடலே மூடிக்கொண்டது.

மலையில் நின்று தேடும்போது உடம்பைத் தேடாதீர்கள், மூச்சைத் தேடுங்கள். நீலத் திமிங்கிலத்தின் மூச்சு நேராக உயர்ந்து தூண் போல நிற்கும். எண்ணெய்த் திமிங்கிலத்தின் மூச்சு குட்டையாக, முன்னால் இடப்பக்கம் சாய்ந்து பீய்ச்சும். விடியலில் சூரியன் நேரே கண்ணில் அடிக்கும், பின்னேரம் காற்றில் நுரை கிளம்பி எல்லாமே மூச்சு போலத் தெரியும். ஒன்பதுக்கும் பதினொன்றுக்கும் நடுவில் போங்கள்.

படகில் போகிறவர்கள் ஓட்டுநரிடம் ஏறும் முன்பே சொல்லிவிடுங்கள்: நூறு மீற்றரில் இயந்திரத்தை மெதுவாக்க வேண்டும், துரத்தக் கூடாது. ஒருமுறை நான் போன படகு, பெயர் வேண்டாம், வேறு ஐந்து படகுகளோடு போட்டி போட்டுக்கொண்டு ஒரு தாயையும் குட்டியையும் வளைத்தது. தாய் வாலைத் தூக்கி இறங்கியது. குட்டி ஒரு நிமிடம் மேலேயே தடுமாறியது. படகில் எல்லோரும் கைதட்டினார்கள். எனக்கு வயிற்றைப் பிசைந்தது, பணத்தைக் கொடுத்துவிட்டுப் பேசாமல் இறங்கி வந்தேன், அன்று பேசாமல் வந்ததை நினைத்தால் இப்போதும் உறுத்துகிறது.

ஏப்ரல் 19

தம்பலகாமத்தில் முத்துக் குளித்தார்களா என்று கேட்டவருக்கு: ஆம். ஆனால் மன்னார் முத்துச் சிப்பி வேறு, அங்கே இருந்தது வேறு. தட்டையான, ஒளி ஊடுருவுகிற ஜன்னல் சிப்பி. ஆங்கிலேயர் காலத்தில் குத்தகைக்கு விட்டுக் குளித்தார்கள்.

மே 12

கண்டி அக்கா குடும்பம் வந்துவிட்டது. காற்று மெத்தை கொண்டுவரவில்லை, முதல் வேலையாகப் பையைத் திறந்து காட்டினார்கள். நேற்று விடியலில் உப்புவெளியில் இரண்டு மணிநேரம் தண்ணீர். சின்னவன் மணலை அள்ளிக் காற்று பார்த்துவிட்டுத்தான் இறங்குகிறான், ஒவ்வொரு தடவையும், வெளியே வந்து பிஸ்கட் எடுத்துவிட்டுப் போகும்போதும்.

இன்று காலை கோணேசர் மலையில் பத்து மணிக்கு, வெளிச்சவீட்டுக்கு நேரே வெளியே, இரண்டு நீலத் திமிங்கிலம்.

மே 12, இரவு

இரண்டு என்று எழுதியதற்கு மூத்தவள் கோபித்துக்கொண்டாள். மூன்று. மூன்றாவதன் மூச்சு மற்ற இரண்டுக்கும் பின்னால், தாழ்வாக, அவள் மட்டும்தான் பார்த்தாள், நான் அப்போது கச்சான் சுருளுக்குக் காசு கொடுத்துக்கொண்டிருந்தேன்.